தொலைந்த குடியுரிமைப் பத்திரம்

இராஜபாளையத்துக்குத் தெற்கே, சேத்தூரை அடுத்து, மேற்கு மலைத்தொடரின் அடிவாரத்தில் அமைந்துள்ள சிற்றூர் தேவதானம். நச்சாடை தவிர்த்தருளிய சுவாமி கோயிலால் அவ்வூரைப் பலரும் அறிவர். அதன் பெயரோ, ஊர்ப்பெயர் ஆவதற்கு முன்னமே ஓர் ஆவணச் சொல்லாக வழங்கியது. பண்டை வேந்தர் சிவன் கோயிலுக்கு விட்ட நிலத்தைத் தேவதானம் என்றும், அந்தணர்க்கு விட்டதைப் பிரமதேயம் என்றும், சமண பௌத்தப் பள்ளிகளுக்கு விட்டதைப் பள்ளிச்சந்தம் என்றும் சாசனங்கள் குறிக்கும். ஆகவே ஆவணங்களைப் பற்றிய ஒரு பாடத்தை இவ்வூர்ப் பெயரினின்று தொடங்குதல் பொருத்தமுடைத்து.

கோயிற் சுவரிற் பொறித்த சாசனம் கோயிலை இடித்துக் கட்டுங்கால் என்ன ஆகும்? திருமழபாடிக் கோயில் இதற்கு விடை கூறுகின்றது. முதலாம் இராஜராஜ சோழன் தன் 28-ஆம் ஆட்சியாண்டில் அக்கோயிலின் விமானத்தைப் புதுக்குமாறு ஆணையிட்டபோது, பழஞ்சுவரில் இருந்த கல்வெட்டுக்களை முதலிற் புத்தகத்திற் படியெடுத்து வைக்கச் செய்தான். அவன் மைந்தன் இராஜேந்திரனது 14-ஆம் ஆட்சியாண்டில் அவை புதுச் சுவரில் மீண்டும் வெட்டப்பெற்றன. இதனால் நாம் அறிவன மூன்று. கல் இடிந்தமையால் அக்கல் கூறிய உரிமை இடிந்துவிடவில்லை. படியை எடுத்தவர் அதற்கு அதிகாரம் பெற்றவர். படி எடுக்கும் வேலை, மூலம் கண்ணுக்குத் தெரிந்த காலத்திலேயே நடந்தது. இற்றைக்கு ஆயிரம் ஆண்டுகட்கு முன் கைக்கொண்ட இம்முறையே, இக்காலத்தில் குடியுரிமைச் சான்றிதழைத் தொலைத்தோர்க்கும் பிழைபடப் பெற்றோர்க்கும் வழியாக உள்ளது. அவ்வழியை விளக்குதலே இக்கட்டுரையின் நோக்கம்.

1. உரிமை வேறு, பத்திரம் வேறு

நம்மிற் பெரும்பாலோர் இந்தியக் குடிகளாயிருந்தும் குடியுரிமைச் சான்றிதழ் என ஒன்றைக் கண்டதில்லை. இது வியப்பன்று. 1955-ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் பிறப்பு, வழித்தோன்றல், பதிவு, இயல்புரிமை, நாட்டோடு புதிய நிலப்பகுதி சேர்தல் என ஐந்து வாயில்களைக் கூறுகின்றது. இவற்றுள் பிறப்பினால் உரிமை பெற்றவர்க்குத் தனிப் பத்திரம் கொடுக்கும் வழக்கம் இல்லை. 1950 ஜனவரி 26-ஆம் நாள் முதல் 1987 ஜூன் 30-ஆம் நாள் வரை இந்தியாவிற் பிறந்தவர், சில விலக்குகள் நீங்கலாக, பிறந்தமை ஒன்றினாலேயே குடியாவர். 1987 ஜூலை 1-ஆம் நாள் முதற் பிறந்தவர்க்குத் தாய் தந்தையருள் ஒருவரேனும் குடியாயிருத்தல் வேண்டும். 2004 டிசம்பர் 3-ஆம் நாள் முதற் பிறந்தவர்க்கு மற்றவர் சட்டத்துக்கு மாறாக நாட்டிற் புகுந்தவராய் இருத்தலும் கூடாது.

பதிவினாலும் இயல்புரிமையினாலும் குடியானவர்க்கோ சான்றிதழ் உண்டு. அவர்தம் உரிமையை அரசாங்கம் ஒரு நாளில், ஓர் ஏட்டில், ஓர் எண்ணின்கீழ் எழுதிக்கொள்கின்றது. கையிற் கொடுக்கும் தாள் அவ்வெழுத்தின் அடையாளமே. ஆதலின் தாள் நெருப்பில் வெந்தாலும் நீரில் நனைந்தாலும் உரிமை நீங்காது. ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பது பழமொழி. குடியுரிமைத் துறையிலோ, ஏட்டில் ஏறாத சுரைக்காய் கொடியில் தொங்கினும் கறிக்கு உதவுவதில்லை. எனவே பத்திரத்தை இழந்தவர் முதலில் உசாவ வேண்டுவது, ‘என் பெயர் எந்த ஏட்டில், எந்த அலுவலகத்தில் உள்ளது?’ என்பதே.

2. இவ்வினா யாருக்கு உயிர்வினா?

பத்தொன்பதாம் நூற்றாண்டு தொடங்கி மதுரை, திருச்சிராப்பள்ளி, இராமநாதபுரம், திருநெல்வேலி, சேலம் முதலிய சீமைகளினின்று ஏழை மக்கள் இலங்கையின் காப்பித் தோட்டங்களுக்கும் பின்னர்த் தேயிலைத் தோட்டங்களுக்கும் கங்காணிமாரால் அழைத்துச் செல்லப்பெற்றனர். தோட்டத்தின் குறியும் எண்ணும் பொறித்த ஒரு தகரத்துண்டே பலருக்கு முதல் ஆவணமாயிற்று. மூன்று தலைமுறை அம்மலைகளில் உழைத்தபின், 1948-ஆம் ஆண்டின் இலங்கைப் பிரஜாவுரிமைச் சட்டம் அவர்களிடம் தந்தை பிறந்த இடத்துக்கும், சிலரிடம் பாட்டன் பூட்டன் பிறந்த இடத்துக்கும் சான்று கேட்டது. இலயங்களிற் பிறந்தோர் பலரின் பிறப்பு எந்த ஏட்டிலும் ஏறியிருக்கவில்லை. 1949-ஆம் ஆண்டின் இந்திய பாகிஸ்தானியர் பிரஜாவுரிமைச் சட்டத்தின்கீழ், மணமானவர் ஏழாண்டும் மணமாகாதவர் பத்தாண்டும் 1946 ஜனவரி 1-ஆம் நாளுக்கு முன் இடையறாது வாழ்ந்தமையை மெய்ப்பிக்க வேண்டியதாயிற்று. எட்டு இலட்சம் மக்களுக்கு மேற்பட்டோர் சார்பாக விண்ணப்பங்கள் சென்றன. ஏறத்தாழ 1,34,000 பேரே ஏற்கப்பெற்றனர். எஞ்சியோர் எந்நாட்டவரும் அல்லாதவராயினர். அவர்களுடைய உழைப்பைக் குறித்து ஐயுற்றவர் எவருமிலர். அவர்களிடம் இல்லாதது காகிதமே.

1964 அக்டோபர் 30-ஆம் நாள் லால் பகதூர் சாஸ்திரியாரும் சிறிமாவோ பண்டாரநாயக்க அம்மையாரும் ஓர் உடன்படிக்கை செய்தனர். அதில் எண்ணப்பெற்ற 9,75,000 பேருள் 5,25,000 பேரை இந்தியாவும் 3,00,000 பேரை இலங்கையும் ஏற்பதென்று முடிவாயிற்று. நின்ற 1,50,000 பேரை 1974-இல் இரு நாடுகளும் சமமாகப் பங்கிட்டுக்கொண்டன. இந்தியாவை வேண்டியோர் இந்தியத் தூதரக அதிகாரிகளிடம் குடிகளாகப் பதிவு பெற்று, இந்தியக் கடவுச்சீட்டுடன் தலைமன்னாரிற் கப்பலேறி இராமேசுவரத்தில் இறங்கி, மண்டபம் முகாம் வழியாகத் தமிழ்நாட்டின் பல பகுதிகளுக்கும் சென்றனர். 1984-இல் அக்கப்பற் போக்குவரவு நின்றது. இந்தியக் கடவுச்சீட்டுப் பெற்றும் கப்பலேற இயலாது இலங்கையிலேயே தங்கியவர்களுக்கு அந்நாட்டின் 2003-ஆம் ஆண்டுச் சட்டம் வழி திறந்தது. 1983-ஆம் ஆண்டின் கலவரத்துக்குப்பின் அகதிகளாய்ப் படகேறி வந்தோருட் சிலர், உடன்படிக்கையின்படி முன்னமே இந்தியாவை வேண்டி விண்ணப்பித்தவர்களின் வழியினர். அத்தகையோர் சிலர் தொடுத்த வழக்கில், 2019 ஜூன் மாதம் சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, அவர்தம் குடியுரிமை விண்ணப்பங்களைப் பரிசீலிக்குமாறு பணித்தது.

எரிந்த இலயங்களிலும், கடல்நீர் புகுந்த துணிமூட்டைகளிலும், கூரை ஒழுகிய குடிசைகளிலும் இம்மக்கள் இழந்த தாள்கள் எத்தனையோ! கல்லூரியிற் சேர வரும் ஒரு பேரப்பிள்ளையிடம் சாதிச் சான்றோ கடவுச்சீட்டோ வேண்டுமெனில், பாட்டனின் பத்திரத்தைத் தேட வேண்டியவராய் அவர்கள் இருக்கின்றனர்.

3. தொலைந்ததும், பழுதுபட்டதும்

பத்திரம் தொலைந்ததென்று கண்டால் காலந்தாழ்த்தாது காவல்நிலையத்தில் அறிவித்து, அவ்வறிவிப்புக்கு அத்தாட்சி பெறுதல் வேண்டும். தமிழ்நாட்டுக் காவல்துறையார் தொலைந்த ஆவணங்களை இணையத்தின் வழி அறிவிக்கவும் வசதி செய்துள்ளனர். இவ்வறிவிப்புக்குப் பயன் இரண்டு. பிறர் அத்தாளைத் தீய வழியிற் பயன்படுத்துவராயின் உரியவர்மேற் பழி சாராது. படி கோருங்கால், இவர் மூலத்தை ஒளித்துவைத்துக்கொண்டு இரண்டாவது பத்திரம் தேடுபவர் அல்லர் என்பதும் தெளிவாகும்.

அடுத்துச் செய்யத்தக்கது சத்தியப் பிரமாண வாக்குமூலம். அதில் பத்திரத்தின் எண், பெற்ற நாள், பெற்ற இடம், தொலைந்த வகை ஆகியவற்றை அறிந்த அளவே எழுதுக. அறியாத எண்ணை உத்தேசமாக எழுதுதல் பெருந்தீங்கு. அவ்வெண் வேறொருவர்க்கு உரியதாயிருப்பின் தேடுபவர் வழிதப்புவர். எண் தெரியாதார் வேறு தடங்களைக் காட்டலாம். பழைய கடவுச்சீட்டில் இடப்பெற்ற குறிப்புக்கள், முகாமிற் கொண்ட குடும்ப அட்டை, மறுவாழ்வுக் கடன் பெற்ற தாள்கள் முதலியவற்றுள் அவ்வெண் பெரும்பாலும் எழுதப்பட்டிருக்கும்.

இவற்றோடு விண்ணப்பிக்க வேண்டிய இடம், பத்திரத்தை வழங்கிய அதிகாரியின் அலுவலகமே. ஓர் அரசு வழங்கிய பத்திரத்துக்கு மற்றோர் அரசு படி கொடாது. இலங்கைப் பிரஜாவுரிமைப் பத்திரமாயின் அந்நாட்டுக் குடிவரவு குடியகல்வுத் திணைக்களத்தையும், தமிழ்நாட்டில் வாழ்வோர் சென்னையிலுள்ள இலங்கைத் துணைத் தூதரகத்தையும் நாடுதல் வேண்டும். இலங்கையில் இந்தியக் குடியாகப் பதிவு பெற்றோர் கண்டியிலுள்ள இந்திய உதவித் தூதரகத்தின் ஏடுகளைத் தேடச் செய்யலாம். இந்தியாவிலேயே பதிவு பெற்றவர் தம் மாவட்டக் கலெக்டர் வாயிலாக உள்துறை அமைச்சகத்துக்கு எழுதுதல் முறை. கட்டணமும் படிவமும் காலந்தோறும் மாறுவன. அவற்றை அவ்வலுவலகத்தில் நேரே கேட்டறிக.

பத்திரம் தொலையாது கிழிந்தோ நனைந்தோ போயிருப்பின், எஞ்சிய துண்டையும் எறிந்துவிடலாகாது. முத்திரையின் ஒரு கால்வட்டமும், எண்ணின் மூன்று இலக்கமும், கையொப்பத்தின் ஒரு கீற்றும் ஏட்டைத் தேடுவார்க்கு விளக்காகும். அத்துண்டை ஒட்டுத்தாளால் ஒட்டுதலும், மங்கிய எழுத்தின்மேல் மையால் எழுதுதலும் செய்யற்க. நல்லெண்ணத்தோடு செய்யினும், மேலெழுதிய எழுத்து திருத்தியதாகவே தோன்றும். மெய்யான பத்திரமும் அதனாற் பொய்யெனக் கருதப்படும். பழுதுற்ற தாளை நிழற்படம் எடுத்து, உறையிலிட்டு, மூலத்தை ஒப்படைக்குங்கால் ஒப்புச்சீட்டுப் பெறுக.

மூலம் அழிந்தவிடத்து அதிகாரி கையொப்பமிட்ட படியைச் சான்றாகக் கொள்ளுதல் 1872-ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டத்தில் இடம்பெற்ற நெறி. அதற்கு மாற்றாக 2024 ஜூலை 1-ஆம் நாள் நடைமுறைக்கு வந்த புதிய சட்டமும் அந்நெறியைக் கைவிடவில்லை.

4. பிழை திருத்தலும் பெயர் மாற்றலும்

தொலைந்த பத்திரத்தினும் பிழைபட்ட பத்திரம் மிகுந்த தொல்லை தருவது. தொலைந்ததை இல்லை எனலாம். பிழைபட்டதோ உடையவனையே ‘நீ அவனல்லன்’ என்கின்றது.

பிழைகள் பிறக்குமிடம் பெரும்பாலும் மொழிபெயர்ப்பே. தமிழர்க்குக் குடும்பப்பெயர் இல்லை; தந்தை பெயரின் முதலெழுத்தே முன்னிற்கும். மு. கருப்பையா என்பவர் கடவுச்சீட்டில் முத்தையா கருப்பையா ஆவார். அதைக் கண்ட மற்றொரு எழுத்தர் அவரை முத்தையா என்றே பதிவார். அவர் மகன் ஏட்டில் முத்தையாவின் மகனாகிவிடுவான். இவ்வாறு பாட்டனே தந்தையாகின்றான்! ழகரத்துக்கு ஆங்கிலத்தில் எழுத்தின்மையால் பழனி ஓரிடத்திற் பலனியாயும் மற்றோரிடத்திற் பளனியாயும் நிற்பார். மணமான பெண்ணுக்கு முதலெழுத்தும் மாறும்.

ஊர்ப்பெயரிலும் மயக்கம் உண்டு. பூர்வீக ஊர் ‘தேவதானம்’ என்று மட்டும் எழுதப்பெற்றால், அஃது எந்தத் தேவதானம்? திருவள்ளூர் மாவட்டத்தில் மீஞ்சூரை அடுத்து ஒரு தேவதானம் உண்டு. திருச்சிராப்பள்ளியிலும் அப்பெயருடைய பகுதி உண்டு. எனவே தாலுகாவும் மாவட்டமும் சேர்த்தெழுதுதல் இன்றியமையாதது. மாவட்டமும் நிலையாக நின்றதன்று. ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பகுதி 1910 வரை திருநெல்வேலி ஜில்லாவைச் சார்ந்திருந்தது. அவ்வாண்டில் இராமநாதபுரம் ஜில்லாவிற் சேர்ந்தது. 1985-இற் காமராசர் மாவட்டமாயிற்று. 1997 முதல் விருதுநகர் மாவட்டம் எனப்படுகின்றது. பாட்டன் தாளில் திருநெல்வேலியும், தந்தை தாளில் இராமநாதபுரமும், பெயரன் தாளில் விருதுநகரும் இருப்பின் அது பிழையன்று. ஒரே ஊர் மூன்று ஆட்சிப் பிரிவுகளில் நின்ற வரலாறு. இவ்வேறுபாட்டைத் திருத்தக் கோராமல், விளக்கக் குறிப்பு ஒன்றை இணைத்தலே போதும்.

ஆகவே விண்ணப்பிக்குமுன் மூவகையைப் பிரித்தறிதல் வேண்டும். முதலாவது, எழுத்தர் கைப்பிழை: விண்ணப்பத்தில் சரியாயிருந்து சான்றிதழில் தவறியது. இதற்கு மூல விண்ணப்பத்தின் படியே போதிய சான்று. இரண்டாவது, விண்ணப்பத்திலேயே தவறாகச் சொல்லப்பெற்றது: இதற்குப் பத்திரத்தினும் முற்பட்ட ஆவணம் வேண்டும், பிறப்புப் பதிவு, பள்ளிச் சேர்க்கை ஏடு, தோட்டத்துப் பெயர்ப்பதிவு ஆகியவை அத்தகையன. இலங்கையிற் பிறப்புப் பதிவே இல்லாதோர்க்கு உத்தேச வயதுச் சான்று வழங்கும் முறையும் உண்டு. மூன்றாவது, பிற்காலத்தில் தாமே விரும்பி மேற்கொண்ட பெயர்: இது திருத்தமன்று, மாற்றம். அரசிதழில் வெளியிட்டு, அவ்வெளியீட்டைச் சான்றிதழோடு சேர்த்து வழங்குதல் வேண்டும். மாற்றத்தைத் திருத்தமென்று கூறி விண்ணப்பிப்போர், முன் சொன்னது பொய்யோ என்னும் ஐயத்தைத் தாமே விளைவிக்கின்றனர்.

திருத்தும் முறைக்கு 1969-ஆம் ஆண்டின் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டம் நல்ல எடுத்துக்காட்டு. பதிவிற் பிழை உண்டென்று மெய்ப்பிக்கப்பெற்றால், பதிவாளர் முதலில் எழுதியதை அழியாது, ஓரத்தில் திருத்தத்தை எழுதி, நாளிட்டுக் கையொப்பமிடுவார். பழைய எழுத்தும் புதிய எழுத்தும் அருகருகே நிற்கும். ஒளிவற்ற திருத்தத்துக்கு இதுவே இலக்கணம்.

5. ஏடும் அகப்படாவிடின்

சில வேளைகளில் அலுவலகத்தின் பதிவேடே அகப்படாமற் போதலும் கூடும். அப்பொழுது ஒரே ஆவணத்தை நம்பாது, பல ஆவணங்களைச் சங்கிலியாகக் கோத்துக் காட்டல் வேண்டும். கடவுச்சீட்டு, கப்பற்பயண முத்திரை, முகாம்ப் பதிவு, குடும்ப அட்டை, பள்ளிச் சான்று, வாக்காளர் பட்டியல் என ஆண்டு முறையில் அடுக்குக. ஒன்றில் உள்ள பெயர் அடுத்ததில் எவ்வாறு மாறிற்றென்று ஒரு பட்டியல் எழுதுக. முப்பது ஆண்டு கடந்த ஆவணம் உரிய இடத்தினின்று வெளிப்படுமாயின் நீதிமன்றம் அதனை மெய்யெனக் கொள்ளலாம் என்பதும் சாட்சியச் சட்டத்தின் விதி. பழைய பெட்டியிலிருக்கும் பழந்தாளை வீண் குப்பையென்று கருதலாகாது.

இதன் பின்னும் ஐயம் நீங்காதவிடத்து, 1955-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 13-ஆம் பிரிவு துணை செய்கின்றது. ஒருவரது குடியுரிமை ஐயத்துக்கு இடமாயின், அவர் குடியே என்று மத்திய அரசாங்கம் சான்றளிக்கலாம்; வஞ்சத்தாற் பெறப்பட்டதாயினன்றி, அச்சான்று அந்நாளில் அவர் குடி என்பதற்கு முடிவான சான்றாகும்.

இங்கே ஓர் எச்சரிக்கை. ஆதார் அட்டை குடியுரிமைக்குச் சான்றாகாதென 2016-ஆம் ஆண்டின் ஆதார்ச் சட்டமே கூறுகின்றது. ஆதலின் அதனைக் கொண்டு அமைதியுறுதல் பேதைமை. அதனினும் பெரும்பேதைமை, விரைவில் வாங்கித் தருவோம் என்பாரிடம் பணங்கொடுத்துப் போலிப் பத்திரம் பெறுதல். பொய் கூறிப் பெற்ற பதிவை அரசாங்கம் நீக்கலாம். குடியுரிமைச் சட்டத்தின் பொருட்டுத் தெரிந்தே பொய் கூறுவார்க்கு ஐந்தாண்டு வரை சிறைத் தண்டனையும் உண்டு. மெய்யாகவே உரிமையுடைய ஒருவன், பொறுமையின்மையால் ஒரு போலித் தாளை இடையில் நுழைத்து, உள்ள உரிமையையும் ஐயத்துக்கு உள்ளாக்குதல் இரங்கத்தக்கது.

6. மாணவர் கடன்

மாணவ நண்பர்களே! உங்களிற் பலர் நாளை ஆசிரியராகவும் எழுத்தராகவும் கிராம நிர்வாக அலுவலராகவும் அமர்வீர்கள். பள்ளிச் சேர்க்கை ஏட்டில் ஒரு குழந்தையின் பெயரை எழுதுங்கால், அஃது அறுபது ஆண்டுகளுக்குப் பின்னும் ஒருவர் தம்மை இன்னாரென்று மெய்ப்பிக்கக் காட்டும் சான்றாகலாம் என்பதை நினைவிற் கொள்க. தந்தையின் பெயரை முழுமையாக எழுதுங்கள். ஊரைத் தாலுகாவோடு எழுதுங்கள். எழுதியதை எழுத்தறியாப் பெற்றோர்க்கு உரக்கப் படித்துக் காட்டி, அவர் ஆமென்றபின் கையொப்பமிடுங்கள். அதற்குச் செல்வது இரண்டு நிமிடமே. அவ்விரண்டு நிமிடம் செலவிடாமையால் இருபதாண்டு அலைந்த குடும்பங்கள் உண்டு.

வரும் விடுமுறையில் செய்தற்கு எளிய வேலை ஒன்றும் உளது. உங்கள் வீட்டிலும், அண்டையிலுள்ள தாயகம் திரும்பிய குடும்பங்களின் வீட்டிலும் இருக்கும் பழம்பத்திரங்களை எடுத்து, ஒவ்வொன்றின் எண், நாள், வழங்கிய இடம் மூன்றையும் ஒரு குறிப்பேட்டிற் பதிந்து வையுங்கள். தாளின் இருபுறத்தையும் படமெடுத்து, வேறொரு வீட்டில் ஒரு படியை வையுங்கள். சுவரை இடிக்குமுன் கல்வெட்டைப் புத்தகத்தில் ஏற்றிய சோழ வேந்தனது முறை இதுவே. அவன் கோயில் நிலத்துக்குச் செய்ததை, நிலமில்லாத ஏழைக்கு நாம் செய்வோமாக.